மாமன்ற உறுப்பினர் மக்களவைக்குப் போகும் வழி – புனேயை முன்வைத்து

கோத்ருட்வாசி எழுதியது:

வேறோர் இழையில் ஒரு நண்பர், "சாக்கடை அடைப்பை எடுக்கச் சொல்லி அலைந்த கவுன்சிலருக்கு நாடாளுமன்றத்தில் என்ன வேலை?" என்று கேட்டிருந்தார். அங்கே பதில் சொன்னால் பேச்சு திசைமாறும் என்பதால் தனி இழையாகத் தொடங்குகிறேன்.

பத்தொன்பது ஆண்டுகளாகப் புனேயில் குடியிருக்கிறேன். 2024 மக்களவைத் தேர்தலில் இங்கே பேசப்பட்ட வேட்பாளர்கள் மூவர்: பாரதிய ஜனதாவின் முரளிதர் மோஹோள், காங்கிரசின் ரவீந்திர தங்கேகர், வஞ்சித் பகுஜன் ஆகாடியின் வசந்த் மோரே. மூவருமே புனே மாநகராட்சியில் நகர்சேவக்காக இருந்தவர்கள். மாமன்ற உறுப்பினரை இங்கே அப்படித்தான் அழைப்பார்கள். சொல்லுக்குப் பொருள் நகரத்தின் சேவகர். வென்றவர் மோஹோள், வித்தியாசம் சுமார் 1.23 லட்சம் வாக்குகள். அவருக்கு முன் 2019-இல் வென்ற கிரீஷ் பாபட்டும் 2014-இல் வென்ற அனில் சிரோளேயும் நகர்சேவக்காக இருந்தவர்களே. ஆக, ஒரு பெருநகரம் தொடர்ந்து மூன்று முறை தன் மாமன்றத்து ஆட்களையே டெல்லிக்கு அனுப்பியிருக்கிறது.

இது தற்செயல் என்று நான் நினைக்கவில்லை. இந்த ஊர் மாமன்றத்தின் அமைப்பே இப்படிப்பட்ட வேட்பாளர்களை உருவாக்குகிறது என்பது என் எண்ணம். மறுப்பவர்கள் மறுக்கலாம்.

அரசியல்மாணவன் எழுதியது:

மறுக்கிறேன் ஐயா. நீங்கள் குறிப்பிடும் கிரீஷ் பாபட் 1983-இல் நகர்சேவக்கானவர். மக்களவைக்குப் போனது 2019-இல். இடையே முப்பத்தாறு ஆண்டுகள். அதற்குள் கஸ்பா பேட் தொகுதியில் ஐந்து முறை சட்டமன்ற உறுப்பினராகவும், மாநில அமைச்சராகவும் இருந்துவிட்டார். 1996-இல் மக்களவைக்கு நின்று சுரேஷ் கல்மாடியிடம் தோற்றும் இருக்கிறார். ஒருவர் முப்பத்தாறு ஆண்டுகள் கழித்துப் போய்ச் சேர்ந்த இடத்துக்கு அவருடைய முதல் பதவிதான் வழிவகுத்தது என்று சொல்வது, பேருந்தில் ஊர் போய்ச் சேர்ந்தவரிடம் "உங்களைக் கொண்டு வந்து சேர்த்தது உங்கள் வீட்டு வாசற்படி" என்று சொல்வதைப் போன்றது.

கோத்ருட்வாசி எழுதியது:

வாசற்படி உவமை நன்றாக இருக்கிறது. ஆனால் அந்தப் படியில் இறங்காமல் யாரும் பேருந்து நிறுத்தத்துக்குப் போக முடியாதே. என் வாதத்தை விரித்துச் சொல்கிறேன்.

மும்பை தவிர்த்த மகாராஷ்டிர மாநகராட்சிகள் 1949-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி நடக்கின்றன. அதன்படி நிர்வாக அதிகாரம் ஆணையரிடம் இருக்கிறது. மேயரை மாமன்ற உறுப்பினர்களே தேர்ந்தெடுக்கிறார்கள். பதவிக்காலம் இரண்டரை ஆண்டுகள். அவர் கூட்டத்துக்குத் தலைமை தாங்குவார், விருந்தினரை வரவேற்பார். பணம் தொடர்பான முடிவுகளோ ஸ்தாயி சமிதி எனப்படும் நிலைக்குழுவில் நடக்கின்றன. பதினாறு பேர் கொண்ட அந்தக் குழுவில் ஆண்டுதோறும் பாதிப் பேர் வெளியேறிப் புதியவர்கள் வருவார்கள். ஆணையர் தயாரிக்கும் வரவு செலவுத் திட்டம் மாமன்றத்துக்கு வருமுன் இந்தக் குழுவின் கையால் திருத்தப்படுகிறது. பெரிய ஒப்பந்தங்களும் இங்கேதான் ஒப்புதல் பெறுகின்றன. ஆகவே மேயர் அங்கியைவிட நிலைக்குழுத் தலைவர் நாற்காலிக்கே கட்சிக்குள் போட்டி அதிகம். பாபட் 1986-87-இல் அந்த நாற்காலியில் இருந்தவர். மோஹோள் 2017-இல் அதில் அமர்ந்து, பிறகு 2019 நவம்பரில் மேயரானார். மும்பை தென் மத்தியத் தொகுதியில் 2014-இல் வென்ற ராகுல் ஷேவாளேயும் மும்பை மாநகராட்சியின் நிலைக்குழுத் தலைவராக இருந்து வந்தவர்தான். நகரத்தின் எந்த மூலையில் எந்த வேலை நிற்கிறது, யாருக்கு யார் வேண்டியவர் என்பதெல்லாம் ஓராண்டில் அத்துபடியாகும் இடம் அது. கட்சித் தலைமைக்கும் அப்படிப்பட்ட ஆள் தேவைப்படுகிறார். அந்தத் தேவை எல்லா வேளையும் நல்லெண்ணத்தால் வருவது என்று நான் சொல்ல மாட்டேன்.

இரண்டாவது காரணம் பிரபாக் முறை, அதாவது ஒரே வார்டுக்குப் பல உறுப்பினர்கள். 2017 தேர்தலில் புனே மாமன்றத்தின் 162 இடங்களும் 41 பிரபாக்குகளாகப் பிரிக்கப்பட்டன. ஒரு பிரபாக்கில் நான்கு உறுப்பினர்கள். இரண்டில் மட்டும் மூவர். வாக்காளர் ஒருவரே நான்கு வாக்குகள் போடுவார். 2011 கணக்கெடுப்பின்படி 31 லட்சமாக இருந்த நகர மக்கள்தொகையை 41-ஆல் வகுத்தால் பிரபாக் ஒன்றுக்குச் சுமார் 76,000 பேர் வருகிறார்கள். நம் ஊர் வார்டு கவுன்சிலர் நான்கு தெருவில் கும்பிட்டு வென்றுவிடலாம். இங்கே அது முடியாது. வாக்குச்சாவடி முகவர்கள், வாக்காளர் பட்டியல், வேறு சாதி, வேறு பேட்டை, கூட நிற்கும் மூவருடன் ஒப்பந்தம் என்று ஒரு சிறிய சட்டமன்றத் தேர்தலையே நடத்தியாக வேண்டும். இருபது லட்சத்துக்கு மேல் வாக்காளர்கள் உள்ள மக்களவைத் தொகுதிக்கு அதுவே ஒத்திகை.

மூன்றாவதாக, நான் கண்ணால் பார்ப்பது. எங்கள் பகுதியில் நகர்சேவக்கின் அலுவலகம் என்றால் தையற்கடைக்கும் மருந்துக்கடைக்கும் நடுவே ஒரு ஷட்டர் போட்ட அறை. வாசலில் இரண்டு பெஞ்சுகள். உள்ளே மேசையில் ஒரு ரப்பர் முத்திரையும் மைப்பெட்டியும். காலை எட்டு மணிக்கே வரிசை நிற்கும். பள்ளிச் சேர்க்கைக்குக் குடியிருப்புச் சான்று, மருத்துவமனைக் கட்டணத்தைக் குறைக்கச் சொல்லி ஒரு கடிதம், தண்ணீர் லாரிக்கு ஒரு தொலைபேசி அழைப்பு. கையெழுத்துப் போடும்போதே வந்தவரின் அண்ணன் பெயரைச் சொல்லி நலம் விசாரிப்பார். அந்த அண்ணன் பெயர் அவருக்குத் தெரிந்திருப்பதுதான் தேர்தல் அரசியல்.

சிங்காநல்லூரான் எழுதியது:

தமிழ்நாட்டில் இந்த வழி அடைபட்டே கிடக்கிறது என்று பலர் நினைக்கிறார்கள்; முழுவதும் அப்படி இல்லை. எங்கள் கோவையில் 2024-இல் வென்ற கணபதி ப. ராஜ்குமார் இந்த மாநகராட்சியின் முன்னாள் மேயர். 2014 இடைத்தேர்தலில் அ.தி.மு.க. சார்பில் மக்களால் நேரடியாகத் தேர்ந்தெடுக்கப்பட்டு 2016 வரை இருந்தார்; 2020-இல் தி.மு.க.வில் சேர்ந்தார், நான்கு ஆண்டுகளில் அண்ணாமலையை ஏறத்தாழ 1.18 லட்சம் வாக்குகள் வித்தியாசத்தில் தோற்கடித்து மக்களவைக்குப் போனார். நாடே பார்த்துக்கொண்டிருந்த அந்தத் தேர்தலில், தொலைக்காட்சிகள் பெரும்பாலும் காட்டாத முன்னாள் மேயர்தான் வென்றார்.

எனினும் புனேக்கும் கோவைக்கும் வேறுபாடு உண்டு. அங்கே மாமன்றத்துக்குள் வளர்ந்த ஆளைக் கட்சி கண்டெடுக்கிறது. இங்கே வேட்பாளரைச் சென்னையில் முடிவு செய்கிறார்கள். மாநகராட்சி அனுபவம் கூடுதல் தகுதியாக எண்ணப்படலாம், எண்ணப்படாமலும் போகலாம். மக்களவைத் தேர்தலைப் பொறுத்தவரை கூட்டணிக் கணக்கில் தொகுதியே வேறு கட்சிக்குப் போய்விட்டால், இருபது ஆண்டுகள் உழைத்தவர் கூட்டணி வேட்பாளருக்குத் துண்டறிக்கை கொடுக்க வேண்டியதுதான்.

அரசியல்மாணவன் எழுதியது:

கோத்ருட்வாசி ஐயா சொன்ன நிலைக்குழு விளக்கத்தை ஏற்கிறேன். ஆனால் இன்னொரு கேள்வி மீதமிருக்கிறது. மத்தியப் பிரதேசத்தின் இந்தோரில் சுமித்ரா மகாஜன் 1982-இல் மாநகராட்சி உறுப்பினரானார். 1984-இல் துணை மேயர். 1985-இல் சட்டமன்றத்துக்கு நின்று தோற்றார். 1989-இல் நேராக மக்களவை. அதுவும் முன்னாள் முதலமைச்சரும் முன்னாள் மத்திய உள்துறை அமைச்சருமான பிரகாஷ் சந்திர சேட்டியைத் தோற்கடித்து. ஏழே ஆண்டுகள்! பாபட்டுக்கு முப்பத்தாறு, மோஹோளுக்கு இருபத்திரண்டு, இவருக்கு ஏழு. நீங்கள் சொல்லும் பயிற்சிக்கூடம்தான் காரணம் என்றால் இவ்வளவு ஏற்றத்தாழ்வு ஏன்?

கோத்ருட்வாசி எழுதியது:

நல்ல கேள்வி. பயிற்சி ஒருவரைத் தகுதியாக்கும். இடம் காலியாவது வேறு கணக்கு. 1989-இல் பாரதிய ஜனதா வளர்ந்துகொண்டிருந்த கட்சி. பெரிய தலைவர் ஒருவரை எதிர்த்து நிற்க மூத்தவர்கள் முண்டியடித்திருக்க மாட்டார்கள் என்பது என் ஊகம். கட்சி தேய்ந்திருக்கும்போதோ இளையதாக இருக்கும்போதோ ஏணி குட்டையாக இருக்கும். கட்சி தழைத்துவிட்டால் ஒவ்வொரு படியிலும் ஒருவர் உட்கார்ந்திருப்பார். மோஹோள் 2019 சட்டமன்றத் தேர்தலில் கோத்ருட் தொகுதியை எதிர்பார்த்திருந்தார். அது மாநிலத் தலைவர் சந்திரகாந்த் பாட்டீலுக்குப் போனது. அடுத்த மாதமே மோஹோள் மேயரானார். இங்கே பலரும் அதை ஆறுதல் பரிசாகவே பார்த்தோம். அடுத்த மார்ச்சில் கொரோனா வந்தது. மாநிலத்தின் முதல் நோயாளிகள் புனேயில்தான் கண்டறியப்பட்டார்கள். விருந்தினரை வரவேற்கும் நாற்காலி என்று நான் மேலே எழுதினேனே, அந்த நாற்காலியில் இருந்தவரைத்தான் நகரம் இரண்டு ஆண்டுகள் நாள்தோறும் செய்திகளில் பார்த்தது. அவருக்கும் தொற்று வந்து மீண்டார். கோத்ருட் கிடைத்திருந்தால் அவர் இருநூற்று எண்பத்தெட்டு சட்டமன்ற உறுப்பினர்களில் ஒருவராக இருந்திருப்பார்.

இந்தோர் கதைக்கு ஒரு பின்னிணைப்பு உண்டு. சுமித்ரா மகாஜன் எட்டு முறை தொடர்ந்து வென்று, 2014 முதல் 2019 வரை மக்களவைத் தலைவராகவும் இருந்து ஒதுங்கியபின், அந்த இடத்துக்கு வந்த சங்கர் லால்வானியும் இந்தோர் மாநகராட்சியிலிருந்து வந்தவர்தான். மக்களவைத் தலைவர் நாற்காலியில் 2002 முதல் 2004 வரை இருந்த மனோகர் ஜோஷியும் மும்பையில் மாமன்ற உறுப்பினராகத் தொடங்கி மேயரானவர். கூச்சல் போடும் அவையை உட்கார வைக்கும் கலையை மாமன்றத்தைவிட நன்றாகக் கற்றுக்கொடுக்கும் இடம் எது?

ஏழாவது வார்டு எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். நான் ஒரு பேரூராட்சியில் 2011 முதல் 2016 வரை வார்டு உறுப்பினராக இருந்தவள். ஊர்ப் பெயர் வேண்டாம். இங்கே ஏணியைப் பற்றிப் பேசுகிறீர்கள். ஏணியின் முதல் படியே பிடுங்கப்பட்ட கதையைச் சொல்கிறேன்.

பதவியேற்ற முதல் வாரத்தில் நாற்பது பக்க நோட்டு ஒன்று வாங்கினேன். வார்டில் உள்ள ஒவ்வொரு மின்கம்பத்தின் எண், எந்த விளக்கு எரிகிறது, எது எரியவில்லை, எந்தத் தெருக்குழாய்க்கு எந்த வால்வு, வால்வைத் திறக்கும் பணியாளர் எத்தனை மணிக்கு வருவார் என்று எல்லாவற்றையும் எழுதி வைத்தேன். அலுவலகத்தில் இருந்த வரைபடத்தில் இல்லாத இரண்டு குழாய்த்தடங்களை வயதான பிட்டர் ஒருவர் கைத்தடியால் தரையில் கோடு போட்டுக் காட்ட, அதையும் குறித்துக்கொண்டேன். இரண்டாம் ஆண்டு முடிவில் எங்கள் வார்டில் எந்தப் புகார் வந்தாலும் நோட்டைத் திறந்து அரை மணியில் பதில் சொல்லும் நிலைக்கு வந்திருந்தேன்.

2016 அக்டோபரில் நடக்கவிருந்த உள்ளாட்சித் தேர்தலை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. பதவிக்காலம் முடிந்தது, தனி அலுவலர் வந்தார். நகர்ப்புற உள்ளாட்சிகளுக்கு அடுத்த தேர்தல் 2022 பிப்ரவரியில்தான் நடந்தது. அதற்குள் வார்டு எல்லை மாறி, ஒதுக்கீடும் மாறி, நான் நிற்க வழியில்லாமல் போயிற்று. ஒதுக்கீட்டை நான் குறை சொல்லவில்லை. பெண்களுக்கான ஒதுக்கீட்டால்தான் நானே உள்ளே வந்தேன். ஐந்து ஆண்டுகள் கற்றவளுக்கு அடுத்த ஐந்து ஆண்டுகள் பள்ளிக்கூடமே மூடப்பட்டது என்பதுதான் என் வருத்தம். அந்த ஐந்து ஆண்டுகளில் கட்சியில் ஒருவர்கூட என்னை எதற்கும் அழைக்கவில்லை. கூட்டத்துக்கு ஆள் திரட்ட மட்டும் அழைத்தார்கள்.

உயர்நீதிமன்றத்தெரு எழுதியது:

அம்மா சொன்னது சட்டப்படியும் முக்கியமான செய்தி. அரசமைப்பின் 74-ஆவது திருத்தம் 1993 ஜூன் முதல் நடைமுறையில் இருக்கிறது. அதன் 243ப பிரிவு, நகராட்சிகளின் ஆயுள் ஐந்தாண்டுக்கு மேல் போகக் கூடாது என்றும், அது முடியுமுன் தேர்தல் நடந்து முடிய வேண்டும் என்றும் ஐயத்துக்கு இடமின்றிச் சொல்கிறது. 2006-இல் அகமதாபாத் மாநகராட்சி தொடர்பான கிஷன்சிங் தோமர் வழக்கில் உச்ச நீதிமன்றமும் இதை வலியுறுத்தியது. அப்படியிருந்தும், கோத்ருட்வாசி புகழ்ந்து எழுதிய புனேயில் என்ன நடந்தது? 2022 மார்ச்சில் மாமன்றத்தின் காலம் முடிந்தது, பிற்படுத்தப்பட்டோர் ஒதுக்கீடு, வார்டு வரையறை வழக்குகளால் தேர்தல் தள்ளிக்கொண்டே போயிற்று, ஆணையரே நிர்வாகியானார். வாக்குப்பதிவு நடந்தது 2026 ஜனவரியில்.

இதற்கு நடுவே இன்னொன்று. பாபட் 2023 மார்ச் 29 அன்று காலமானார். மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 151அ பிரிவின்படி ஆறு மாதத்துக்குள் இடைத்தேர்தல் நடந்திருக்க வேண்டும். எஞ்சிய காலம் ஓராண்டுக்குக் குறைவு என்றாலோ, அந்தக் காலத்துக்குள் நடத்துவது கடினம் என்று தேர்தல் ஆணையம் மத்திய அரசைக் கலந்து சான்றளித்தாலோ மட்டுமே அந்தக் கடமையிலிருந்து விலக்கு உண்டு. எஞ்சியிருந்ததோ ஓராண்டுக்கு மேல். தேர்தல் ஆணையம் நடத்தவில்லை. டிசம்பரில் பம்பாய் உயர் நீதிமன்றம் உடனே நடத்தச் சொன்னது. ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அந்த ஆணையை நிறுத்தி வைத்தது. ஆக, 2023 மார்ச் இறுதி முதல் 2024 ஜூன் வரை அந்த நகரத்து மக்களுக்கு மாமன்ற உறுப்பினரும் இல்லை, மக்களவை உறுப்பினரும் இல்லை. ஏணியின் அடிப்படியும் உச்சிப்படியும் ஒரே காலத்தில் காணாமற்போன நகரம் அது.

அரசியல்மாணவன் எழுதியது:

ஒரு சந்தேகம். மாமன்ற உறுப்பினர் பதவியை விட்டு விலகினால்தான் மக்களவைக்கு நிற்க முடியுமா?

உயர்நீதிமன்றத்தெரு எழுதியது:

நிற்பதற்கு விலக வேண்டியதில்லை. மும்பையில் ஷேவாளேயும், 2019-இல் மும்பை வடகிழக்கில் வென்ற மனோஜ் கோட்டக்கும் மாமன்ற உறுப்பினராக இருந்துகொண்டே நின்றவர்கள். வென்றபின் இரண்டையும் வைத்துக்கொள்ளலாமா என்பதை அந்தந்த மாநிலச் சட்டம் முடிவு செய்யும். தமிழ்நாட்டில் 2002-இல் கொண்டுவந்த திருத்தம் உங்களுக்கு நினைவிருக்கலாம். சென்னை மேயராகவும் சட்டமன்ற உறுப்பினராகவும் இருந்த மு.க. ஸ்டாலினின் மேயர் பதவிக்குச் சிக்கல் வந்தது அதனால்தான். வயதைப் பொறுத்தவரை, உள்ளாட்சிக்கு 21 நிறைந்தால் போதும், மக்களவைக்கு 25. அந்த நான்கு ஆண்டு இடைவெளியில் ஓர் இளைஞர் மாமன்றத்தில் பழகிவிட்டு வர அரசமைப்பே இடம் கொடுத்திருப்பதைப் போல எனக்குத் தோன்றும்.

சிங்காநல்லூரான் எழுதியது:

கவுன்சிலருக்கு டெல்லியில் என்ன வேலை என்ற முதல் கேள்விக்கு இன்னும் யாரும் நேராகப் பதில் சொல்லவில்லை. குடிநீரும் உள்ளூர்ச் சாலையும் மாநிலத்துக்கும் உள்ளாட்சிக்கும் உரிய பொருள்கள். மக்களவையில் அவற்றுக்கு வாக்கெடுப்பு நடப்பதில்லை. ஆனால் எம்.பி. அலுவலகத்து வாசலில் நின்று பாருங்கள், பாதிப் பேர் குடிநீருக்காகத்தான் வந்திருப்பார்கள். ஆண்டுக்கு ஐந்து கோடி ரூபாய் தொகுதி மேம்பாட்டு நிதியை வைத்துக்கொண்டு ஆறு சட்டமன்றத் தொகுதிகளுக்கு அவர் கவுன்சிலராகவே இருந்தாக வேண்டியிருக்கிறது. அந்த நிதியில் ஒரு பணி நடக்க வேண்டும் என்றால் பரிந்துரைக் கடிதத்தோடு வேலை முடிவதில்லை. மாவட்ட ஆட்சியர் அலுவலகம், மதிப்பீடு, ஒப்பந்தம், செயல்படுத்தும் துறை என்று நான்கு வாசல்கள் உண்டு. முன்பின் தெரியாத எம்.பி. இரண்டாம் வாசலில் தொலைந்துபோவார். மாநகராட்சிக் கோப்பு எப்படி நகரும், எங்கே படுத்துக்கொள்ளும் என்று அறிந்தவர் தொலைய மாட்டார். நாடாளுமன்ற விவாதத்தில் அவர் சிறப்பாகப் பேசுவாரா என்பது வேறு கேள்வி. பேசாத முன்னாள் மேயர்களும் உண்டு.

கோத்ருட்வாசி எழுதியது:

கடைசி வரியை ஏற்கிறேன். மோஹோள் இப்போது கூட்டுறவுத் துறைக்கும் விமானப் போக்குவரத்துத் துறைக்கும் இணையமைச்சர். முதல்முறை எம்.பி.யானவுடனே அமைச்சர் பதவி என்பது அரிது. விமானப்படைத் தளமான லோஹகாவிலிருந்துதான் எங்கள் நகர விமானங்கள் பறக்கின்றன. புதிய முனையம் 2024 மார்ச்சில் திறந்துவைக்கப்பட்டும், பயணிகள் பயன்பாட்டுக்கு வந்தது ஜூலையில்தான். அதில் அவருக்கு எவ்வளவு பங்கு என்று நான் அளக்கப் போவதில்லை. ஆனால் எங்கள் குடியிருப்புச் சங்கத்தார் இன்னமும் அவரிடம் கொடுக்கும் மனுக்களில் விமான நிலையம் இருக்காது. மழைநீர் வடிகால்தான் இருக்கும்.

ஏழாவது வார்டு அம்மாவிடம் ஒரு கேள்வி. அந்த நோட்டு இப்போது எங்கே?

ஏழாவது வார்டு எழுதியது:

2022-இல் வென்று வந்த பெண்ணிடம் கொடுத்துவிட்டேன். அவர் எதிர்க்கட்சியைச் சேர்ந்தவர். எங்கள் கட்சியில் சிலருக்குக் கோபம். வயது இருபத்தாறு, வணிகவியல் படித்தவர். போன மாதம்கூடத் தொலைபேசியில் அழைத்து, "அக்கா, முப்பத்தொன்றாம் பக்கத்தில் 'கோயில் முடுக்கு, குழாய் இரண்டடி ஆழம்' என்று எழுதியிருக்கிறீர்களே, எந்தப் பக்கத்துச் சுவரை ஒட்டிப் போகிறது?" என்று கேட்டார். கிணற்றடிப் பக்கம் என்று சொன்னேன்.